மச்சானின் காது

என் அக்கா வீட்டுக்காரருடைய காதை மில் தின்றுவிட்டது என்று எங்கள் ஊரான பாலவனத்தத்தில் இன்றைக்கும் சொல்வார்கள். அது பாதிதான் சரி. மீதிப் பாதியைத் தின்றவன் நான். இதைப் படித்துவிட்டு யாராவது எனக்குச் சமாதானம் சொல்ல நினைத்தால் வேண்டாம். அக்காவே சொல்லிப் பார்த்து ஓய்ந்துபோய்விட்டாள்.

நான் அவரை மச்சான் என்றுதான் கூப்பிடுவேன். இங்கேயும் அப்படியே இருக்கட்டும். அருப்புக்கோட்டையில் ஒரு நூல் மில்லில் ஃபிட்டராக இருந்தார். காலை ஷிப்டு முடிந்து மூன்று மணி பஸ்ஸில் வந்து இறங்கும்போது மீசையிலும் புருவத்திலும் பஞ்சு ஒட்டியிருக்கும். ஒடிசலான ஆள், பேச்சு கம்மி, சாப்பாடு அதைவிடக் கம்மி. பெண் பார்க்க வந்த அன்று அக்காவைப் பார்த்ததைவிட எங்கள் வீட்டு ஃபேனைத்தான் அதிகம் பார்த்தார். காபி டம்ளரைக் கீழே வைத்துவிட்டு அவர் பேசிய முதல் பேச்சு இது:

"இந்த ஃபேன்ல ஒரு பேரிங் அழுதுக்கிட்டு இருக்கு. ஒரு மாசம் தாங்காது."

என் அப்பாவுக்குச் சுருக்கென்று கோபம் வந்துவிட்டது. புது ஃபேன் அது. கல்யாணத்துக்குப் பந்தல்கால் ஊன்றிய அன்று ஃபேன் நின்றுபோனது. அப்பா அதற்கப்புறம் மாப்பிள்ளையிடம் எதற்கும் மறுபேச்சுப் பேசியதில்லை.

மில்லில் அந்தக் காதுக்குத் தனி மரியாதை இருந்தது. ஒரு மெஷினில் கோளாறு என்றால் மற்ற ஃபிட்டர்கள் திறந்து பார்ப்பார்கள். மச்சான் திறக்கமாட்டார். நீளமான ஸ்க்ரூ டிரைவரின் நுனியை ஓடுகிற மெஷின்மேல் ஊன்றி, பிடியைக் காதோடு அழுத்திவைத்துக் கண்ணை மூடிக்கொள்வார். கொஞ்ச நேரத்தில் இன்ன இடத்தில் இன்ன சக்கரம் என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போய்விடுவார். நான் மில்லுக்கு எதிரே ஓர் உரக்கடையில் வேலை பார்த்ததால் இந்தக் கதைகளையெல்லாம் டீக்கடையில் அன்றன்றைக்கே கேட்டுவிடுவேன்.

ஒரே ஒரு தடவை அந்த நூற்புக் கூடத்துக்குள் போயிருக்கிறேன். நூலை முறுக்கும் ஆயிரக்கணக்கான கதிர்கள் ஒன்றாகச் சுற்றுகிற இரைச்சலில் பக்கத்தில் நிற்பவன் கத்தினாலும் கேட்காது. அங்கே யாரும் காதை நம்பிப் பேசுவதில்லை. உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்வார்கள், மிச்சத்துக்குக் கை ஜாடை. சுற்றிலும் மூட்டை மூட்டையாகப் பஞ்சு கிடக்கிறது, அதில் ஒரு துணுக்கு எடுத்துக் காதில் வைத்துக்கொள்ளக் கூடாதா என்று கேட்டேன். மச்சான் சிரித்தார்.

"காத அடைச்சுக்கிட்டா நான் எதுக்கு மாப்ளே மில்லுக்குப் போகணும்? என் சோலியே காதுதான?"

எண்பதுகளின் தொடக்கத்தில் அந்த மில்லுக்குப் புது மெஷின் வந்தது. அதைப் பூட்ட இங்கிலாந்திலிருந்து ஓர் எஞ்சினியர் வந்து நாற்பது நாள் தங்கினார். எல்லோரும் அவரைத் துரை என்றார்கள். மெஷின் ஓடத் தொடங்கிய அன்று அதற்கு மாலையெல்லாம் போட்டுப் பூசணிக்காய் உடைத்தார்கள். மச்சான் மட்டும் ஸ்க்ரூ டிரைவரைக் காதில் வைத்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார். திறந்து பார்த்ததில் ஒரு பல்சக்கரத்தில் ஒரே ஒரு பல் முனை உடைந்திருந்தது. துரைக்கு ஆச்சரியம் தாங்கவில்லை. தன் இடுப்பில் மாட்டியிருந்த சின்ன டேப் ரிக்கார்டரின் ஹெட்போனைக் கழற்றி மச்சானுடைய காதில் வைத்தார். அவர் ஊர்ப் பேண்டு ஒன்றின் பாட்டு. நான்கு பேர், கிடாரும் டிரம்ஸுமாக.

மச்சான் முழுப் பாட்டையும் நின்றபடி கேட்டுவிட்டு மில்லின் இளைய எஞ்சினியரிடம் சொன்னாராம்: "நல்லா இருக்கு சார். ஆனா இது நகல். மேல இருக்குற சன்னமான சத்தம் கொஞ்சம் விட்டுப்போயிருக்கு. அசல் எங்கன்னு கேளுங்க."

அவர் மொழிபெயர்த்துச் சொன்னதும் துரை வாயைப் பிளந்துவிட்டார். வீட்டு ரெக்கார்டிலிருந்து கேசட்டில் பதிந்துகொண்டு வந்திருந்தார் அவர். ஊருக்குப் போன நாலாவது மாதம் ஒரு பெரிய சதுரப் பார்சல் வந்தது. உள்ளே அந்தப் பேண்டின் ரெக்கார்டுகள் ஐந்து. எங்கள் தபால்காரர் அதைத் தாம்பாளம் என்று நினைத்து, "அண்ணாச்சிக்கு யாரு சீர் அனுப்பியிருக்கா?" என்று கேட்டார்.

இப்படித்தான் நாங்கள் அந்தப் பேண்டுக்கு ரசிகர்களானோம். மச்சான் அவர்களை 'நம்ம செட்டு' என்பார். ஆங்கிலம் அவருக்குத் தெரியாது, எனக்கும் உரமூட்டையில் இருக்கிற அளவுக்குத்தான் தெரியும். என்ன பாடுகிறார்கள் என்று நான் கேட்டால், "மெஷின் என்ன பாசை பேசுது? புரியலையா நமக்கு?" என்பார்.

மதுரைக்குப் போய் ஒரு பழைய ரெக்கார்டு பிளேயர் வாங்கிவந்தார். அதற்கப்புறம் அக்காவுக்கு வந்தது சோதனை. பாட்டு ஓடும்போது ஃபேன் ஓடக்கூடாது. சித்திரை மாதமானாலும் ஜன்னலைச் சாத்திவிடுவார். சுவர்க் கடிகாரத்தைக் கழற்றி அடுத்த அறைக்குக் கொண்டுபோவார். குக்கர் வைக்கக்கூடாது. வயல் மோட்டார்கள் ஓடாத நேரத்தில்தான் வோல்டேஜ் சரியாக இருக்கும் என்று அதற்கும் ஒரு கணக்கு வைத்திருந்தார். வோல்டேஜ் குறைந்தால் ஸ்டெபிலைசர் முனகும், அந்த முனகல் அவருக்கு ஆகாது.

ரெக்கார்டைக் கழுவுவதுதான் பெரிய கூத்து. எங்கள் ஊர்த் தண்ணீர் உப்பு. காய்ந்தால் குடத்தில் வெள்ளையாகப் படியும். அந்த உப்பு ரெக்கார்டின் வரியில் படிந்தால் முள் அதில் இடறும் என்று, ஐப்பசி மழைக்காக வருடம் முழுக்கக் காத்திருப்பார். முதல் மழையை விட்டுவிடுவார், அதில் தூசி இருக்குமாம். இரண்டாவது மழையில் முற்றத்தில் எவர்சில்வர் அண்டாவை வைத்துப் பிடித்து, வெள்ளைத் துணியில் வடிகட்டிப் பாட்டில்களில் அடைத்துவைப்பார்.

"ஊருல அவனவன் குடிக்கத் தண்ணி இல்லாம அலையுறான். இவுக பாட்டுக்குக் குளிப்பாட்ட மழைத்தண்ணி சேக்குறாக" என்று அக்கா தெருவுக்கே கேட்கும்படி சொல்வாள். ஆனால் வெயில் படாமல் அந்தப் பாட்டில்களை அரிசிப் பானைக்குப் பின்னால் வைத்துக் காப்பாற்றுகிறவளும் அவள்தான்.

"ஒண்ணும் விட்டுப்போகக் கூடாது மாப்ளே" என்பது மச்சானின் பேச்சு. எதற்கும் அதையே சொல்வார். "அவன் அங்க நின்னு வாசிச்சப்ப என்ன சத்தம் வந்துச்சோ, அத்தனையும் இங்க வரணும். ஒரு பொட்டு குறைஞ்சாலும் அவனுக்கு நாம துரோகம் பண்ணுறோம்."

இரண்டாவது ரெக்கார்டின் கடைசிப் பாட்டில் ஓர் இடம் உண்டு. எல்லா வாத்தியமும் நின்றுவிடும். பாட்டு முடிந்துவிட்டது என்று நினைப்போம். அந்த அமைதிக்குள் யாரோ டம்ளரில் கரண்டியால் மெல்லத் தொடுவதுபோல 'கிணுக்' என்று ஒரு சத்தம். பிறகு இன்னொன்று. கொஞ்சம் இடைவெளி விட்டு மூன்றாவது. அவ்வளவுதான். முதல் தடவை எனக்கு ஒன்றுமே கேட்கவில்லை. நான்காவது தடவை கேட்டது. அதிலிருந்து அது எங்களுக்குள் ஒரு வழக்கமாகிவிட்டது. பெட்டியைப் பார்த்தபடி பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருப்போம். ஒவ்வொரு கிணுக்குக்கும் ஒவ்வொரு விரலாக இருவரும் தூக்குவோம். மூன்றாவது விரல் எழுந்ததும் மச்சான் என் தொடையில் ஓங்கி ஓர் அடி அடிப்பார். ஏழெட்டு வருடம் அந்த அடியை வாங்கியிருக்கிறேன்.

அவருடைய விரல் எந்த ஞாயிற்றுக்கிழமையிலிருந்து தாமதமாக எழத் தொடங்கியது என்று எனக்கு நினைவில்லை. முதலில் என் விரலுக்கு அரை நொடி பின்னால் வந்தது. அப்புறம் மூன்றாவது விரல் வரவில்லை. அப்புறம் அவர் முள்ளை மாற்றினார். ஒயரை மாற்றினார். மழைத்தண்ணீரில் உப்பு ஏறிவிட்டது என்று பாட்டில்களைக் கொட்டிவிட்டு அடுத்த ஐப்பசிக்குக் காத்திருந்தார். அவருக்குத் தெரிந்த வைத்தியம் அது. எங்கே சத்தம் குறைந்தாலும் மெஷினைத்தான் பார்ப்பார்.

அந்தச் சமயத்தில் ஒருநாள் அக்கா என்னிடம் வெட்கத்தோடு சொன்னாள்: "ஒங்க மச்சான் இப்பல்லாம் நான் பேசுனா எம் மொகத்தவே பாத்துக்கிட்டு இருக்காகடா. கல்யாணமான புதுசுல கூட இப்படிப் பாத்ததில்ல."

மில்லில் உதட்டைப் பார்த்துப் பழகிய கண் அது. அதனால்தான் வீட்டிலும் சரி, மில்லிலும் சரி, யாருக்கும் எதுவும் தெரியவில்லை. கூடத்தில் எல்லோரும் உதட்டைத்தானே பார்க்கிறார்கள்? ஸ்க்ரூ டிரைவரை விட்டுவிட்டு மெஷின்மேல் உள்ளங்கையை வைத்தே கோளாறைச் சொல்லத் தொடங்கியிருந்தார். அதையும் பெரிய வித்தை என்றுதான் பேசிக்கொண்டார்கள். எனக்கு மட்டும் தெரிந்தது. அக்காவிடம் நான் சொல்லவில்லை. அவள் முகம் அன்றைக்கு அவ்வளவு நன்றாக இருந்தது.

பொய் சொன்ன நாளுக்கு வருகிறேன். மில்லில் மேஸ்திரி ஒருவர் பின்னாலிருந்து கூப்பிட்டிருக்கிறார். மச்சான் திரும்பவில்லை. அன்று சாயங்காலம் பஸ்ஸை விட்டு இறங்கி நேராக எங்கள் வீட்டுக்கு வந்தார்.

"மாப்ளே, மேஸ்திரி என்னப் பாத்து காது மந்தமாயிருச்சான்னு கேட்டுப்புட்டாரு. எல்லாரும் இருக்கையில."

என்னைக் கையைப் பிடித்து வீட்டுக்குக் கூட்டிப்போனார். ஜன்னலைச் சாத்தினார், ஃபேனை நிறுத்தினார், கடிகாரத்தைக் கழற்றினார். இரண்டாவது ரெக்கார்டைப் போட்டுவிட்டுச் சொன்னார்:

"எனக்கு ஒண்ணு கூடக் கேக்கல. ரெக்கார்டு தேஞ்சிருக்கணும், இல்லாட்டி என் காது போயிருக்கணும். நீ நல்லாக் கேட்டுச் சொல்லு. நீ சொன்னாச் சரி."

மூன்றும் கேட்டன. தூசியின் பொரிபொரிப்புக்கு நடுவே, தெளிவாக. கையைத் தொடைக்கு அடியில் வைத்து அழுத்திக்கொண்டேன். அவர் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தக் காதைக் கழற்றிவிட்டால் மச்சானிடம் வேறென்ன இருக்கிறது என்று தோன்றியது. அன்றைக்கு எனக்கு அது இரக்கமாகத்தான் பட்டது.

"எனக்கும் கேக்கல மச்சான். ரெக்கார்டுதான் தேஞ்சிருச்சு."

அவர் சிரித்தார். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அக்காவைக் கூப்பிட்டு இரண்டு பேருக்கும் காபி போடச் சொன்னார்.

அதற்கு விலை என்ன என்று ஒரு மாதம் கழித்துத் தெரிந்தது. மில்லில் அவரை ஸ்டோர்ஸுக்கு மாற்றுவதாகச் சொல்லியிருக்கிறார்கள். சாமான் எடுத்துக் கொடுக்கிற வேலை, சத்தமே இல்லாத அறை, சம்பளத்தில் குறைவில்லை. காதுக்கும் ஓய்வு கிடைக்கும் என்று அந்த மேஸ்திரியேதான் பேசி வாங்கியிருக்கிறார். மச்சான் மறுத்துவிட்டார்.

"என் காதுக்கு ஒண்ணுமில்ல, என் மாப்ளேயே கேட்டுச் சொல்லிட்டான்னு சொன்னாகளாம்டா" என்று அக்கா பெருமையாகச் சொன்னாள்.

அன்றைக்காவது போய் உண்மையைச் சொல்லியிருக்கலாம். போகவில்லை. எப்படிச் சொல்வது என்று யோசித்தே நாள் போனது. ஒரு பொய்யைச் சொன்னவன் அடுத்ததற்கும் தயாராக இருக்கவேண்டியிருக்கிறது. அவருடைய மகளுக்குக் கொலுசு வாங்கினார்கள். இரண்டே நாளில் அதைத் தூக்கிக்கொண்டு அருப்புக்கோட்டைக் கடைக்குச் சண்டைக்குப் போனார் மச்சான், துணைக்கு நான்.

"மணி வச்ச கொலுசுன்னு சொல்லிக் குடுத்தீக. பிள்ள பின்னால வந்து நின்னாக்கூடத் தெரிய மாட்டேங்குது."

கடைக்காரர் கொலுசை ஆட்டினார். "ஜல்ஜல்னு கேக்குதேண்ணே!"

மச்சான் என் பக்கம் திரும்பினார். "கேக்குதா மாப்ளே?"

"கொஞ்சம் கம்மியாத்தான் இருக்கு மச்சான்" என்றேன். கடைக்காரர் என்னைப் பார்த்த பார்வையை நான் சாகும்வரை மறக்கமுடியாது. வேறு ஜோடி எடுத்துக் கொடுத்தார்.

அப்படியே ஐந்து வருடம். அந்த இரைச்சலுக்குள் நாளுக்கு எட்டு மணி நேரம் போய் நின்றுவிட்டு வந்தார்.

பிறகு சி.டி. வந்தது. மதுரையில் யாரோ அவரிடம் சொல்லிவிட்டார்கள். முள் கிடையாது, வெறும் ஒளி, தேய்மானம் என்ற பேச்சே இல்லை, பதிந்ததில் ஒரு துளிகூடக் குறையாது என்று. மச்சானுக்குத் தலைகால் புரியவில்லை.

"ஒண்ணும் விட்டுப்போகாதாம் மாப்ளே! அந்த மூணும் திரும்ப வந்துரும்!"

பிளேயரை வாங்கி வைத்துவிட்டு, நம்ம செட்டின் அந்தப் பாட்டு உள்ள சி.டி.யைத் தேடி வரும்படி என்னிடம் சொன்னார். கடைச் சாமான் எடுக்க நான் மாதம் ஒரு தடவை மதுரை போவேன். மூன்று மாதமும் கிடைக்கவில்லை என்றேன். சி.டி. விற்கிற கடை இருக்கும் தெருப்பக்கமே நான் போகவில்லை. நாலாவது மாதம் அவரே பஸ் ஏறிப் போய் வாங்கிவந்துவிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை, நல்ல வெயில். ஃபேன் நின்றது, கடிகாரம் அடுத்த அறைக்குப் போனது. அக்கா அடுப்பை அணைத்துவிட்டு வாசலில் மகளுக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தாள். வழக்கமாகப் பக்கத்தில் உட்காருகிறவர் அன்று என்னை எதிரில் உட்காரச் சொன்னார். பேசினால் உதடு தெரியட்டும் என்பதற்காக இருக்கும் என்று நினைத்தேன்.

பொரிபொரிப்பே இல்லாமல் பாட்டு வந்தது. அந்த நான்கு பேரும் அறைக்குள் வந்து நின்று வாசித்தார்கள். இத்தனை வருடம் கேட்டும் கேட்காமல் விட்ட சின்னச் சின்னச் சத்தமெல்லாம் எனக்குக் கேட்டது. நான் என்னை மறந்துவிட்டேன். வாத்தியங்கள் நின்றன. அமைதி. முதல் கிணுக் என் காதருகில் விழுந்தது. இரண்டாவது விழுந்தது. மூன்றாவது விழுந்தபோதுதான் பார்த்தேன், மச்சான் பெட்டியைப் பார்க்கவில்லை. என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். என் மடிமேல் மூன்று விரல் எழுந்து நின்றது.

சட்டென்று மடக்கினேன். அவர் எழுந்துபோய்ப் பையிலிருந்து ஸ்க்ரூ டிரைவரை எடுத்துவந்தார். பாட்டின் கடைசிப் பகுதியை மறுபடி ஓடவிட்டு, நுனியை ஸ்பீக்கர் பெட்டியில் ஊன்றி, பிடியைக் காதில் அழுத்திக் கண்ணை மூடிக்கொண்டார். மூன்று கிணுக்கும் வந்துபோயின. அவர் விரல் ஒன்றுகூட எழவில்லை. அவர் கண்ணைத் திறக்க வெகுநேரமாயிற்று.

"ரெக்கார்டு தேயல" என்றார்.

"இல்ல மச்சான்."

"அன்னைக்கே ஒனக்குக் கேட்டுச்சு."

"கேட்டுச்சு."

"மூணுமா?"

தலையாட்டினேன். அவர் வாசல் பக்கம் பார்த்தார். மகள் எழுந்து ஓடிக்கொண்டிருந்தாள்.

"கொலுசு?"

அதற்கும் தலையாட்டினேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் யாரையும் அடித்துப் பழகாதவர்.

அப்புறம் மதுரையில் காது டாக்டரிடம் போனோம். சன்னமான சத்தம்தான் முதலில் போகும் என்றார். ஐந்து வருடத்துக்கு முன்னாலேயே அந்த இடத்தைவிட்டு வந்திருந்தால் மிச்சத்தையாவது காப்பாற்றியிருக்கலாம் என்றார். நான் பக்கத்தில்தான் நின்றேன். டாக்டரின் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்த மச்சான் அவர் சொல்லி முடித்ததும் என் தோளில் கை வைத்தார், "வா மாப்ளே, பஸ்ஸுக்கு நேரமாச்சு" என்று. மில்லில் ஸ்டோர்ஸ் வேலையைத் தானே கேட்டு வாங்கிக்கொண்டார். போகப் போக அக்காவின் குரலும் அவருக்கு இல்லாமல் போயிற்று. இப்போது அவரும் இல்லை. ஐந்து ரெக்கார்டும் அந்த சி.டி.யும் என்னிடம்தான் இருக்கின்றன. கேட்கிறவனிடம் இருக்கட்டும் என்று அவரே கொடுத்தார்.

ஆனால் எனக்கு மனதைவிட்டுப் போகாதது அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம்தான். கொலுசைப் பற்றிக் கேட்ட பிறகு அங்கே உட்கார எனக்குக் கூச்சமாக இருந்தது. எழுந்தேன். அவர் கையைப் பிடித்து உட்காரவைத்தார்.

"இன்னொரு தடவ போடு மாப்ளே. இந்தத் தடவ கைய மறைக்காத."

போட்டேன். எதிரெதிரே உட்கார்ந்தோம். அவர் தன் கையை மடியில் வைத்துக்கொண்டு என் கையைப் பார்த்தார். வாத்தியங்கள் நின்றன. கிணுக். என் விரல் எழுந்தது. அதைப் பார்த்து அவருடைய விரல் எழுந்தது. கிணுக். என் இரண்டாவது விரல். அவருடைய இரண்டாவது விரல். அவர் முகத்தில் பழைய சிரிப்பு வரத் தொடங்கியிருந்தது. எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்துவிட்டது. இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டேன்.

மூன்றாவது வந்து போய்விட்டது. பாட்டு முடிந்து பிளேயரும் நின்றுவிட்டது. நான் கையை எடுத்துப் பார்த்தபோது மச்சான் இரண்டு விரலைத் தூக்கியபடி, மூன்றாவதற்காக என்னைப் பார்த்துக் காத்துக்கொண்டிருந்தார்.